பாவடித் தெருவில் ஆறின சோறு

ராஜபாளையம் பாவடித் தெருவில் மூன்று வருடமாக எந்த வீட்டிலும் அடுப்பு எரியவில்லை. விளக்கு எரிந்தது, சூடம் எரிந்தது, பீடி பற்றியது. அடுப்பில் வைத்த தீ மட்டும் நிற்கவில்லை. கேஸ் கம்பெனி ஆள் வந்து குழாயைக் கழற்றிப் பார்த்தான். ரெகுலேட்டரை மாற்றினான். கடைசியில் சண்முகத்தாய் வீட்டு அடுப்பையும் சிலிண்டரையும் அடுத்த தெருவுக்குத் தூக்கிப்போய்ப் பற்றவைத்தான். நீலமாக எரிந்தது. திரும்பக் கொண்டுவந்து வைத்தான், எரியவில்லை. கரண்ட் அடுப்பில் சிவப்பு லைட் வரும், தண்ணீர் பச்சைத் தண்ணீராகவே இருக்கும். விறகு கருகாமல் கிடக்கும். வேறு தெருவில் சொந்தக்காரர் வீட்டில் பொங்கித் தூக்குவாளியில் கொண்டுவந்தாலும் தெரு முக்குத் திரும்பியதும் ஆவி அடங்கிவிடும். வீடு சேரும்போது சோறு முந்தின நாள் வடித்ததுபோல இருக்கும். ஊரில் இதைப் பற்றி ஒரு மாதம் பேசினார்கள். பிறகு தக்காளி விலையைப் பேசினார்கள்.

காரணம் தெருவுக்குத் தெரிந்தே இருந்தது. ஒரு தெருவில் சாவு விழுந்தால் உடம்பு அந்தத் தெருவைத் தாண்டும்வரை யாரும் அடுப்பு மூட்டுவதில்லை. கைப்பிள்ளைக்குப் பால்கூட வேறு தெருவில் காய்ச்சித்தான் வரும். இரண்டாயிரத்து இருபத்தொன்று மே மாதத்தில் மாரீஸ்வரனின் மனைவி சிவரஞ்சனி இறந்தாள். ஸ்ரீவில்லிபுத்தூர் அரசு ஆஸ்பத்திரியில் ஒப்பந்த நர்ஸாக இருந்தவள். கொரோனா வார்டில் நின்றாள், அதிலேயே விழுந்தாள். மதுரைக்குக் கொண்டுபோனார்கள். அங்கே முடிந்தது. அன்றைய விதிப்படி அங்கேயே எரித்தார்கள், சாம்பலை வைகையில் விட்டார்கள். சேதி வந்த காலையில் பாவடித் தெரு தன் வழக்கப்படி அடுப்புகளை அணைத்துவிட்டு உடம்புக்குக் காத்திருந்தது. உடம்பு வரவேயில்லை. வராதது எப்படித் தாண்டும்? அணைத்த அடுப்புகள் அணைந்தபடியே இருந்துவிட்டன.

மாரீஸ்வரன் வெறும் கையோடு பஸ்ஸில் திரும்பி வந்தான். டெக்ஸ்டைல் படித்தவன், ஒரு பேண்டேஜ் கம்பெனியில் துணியின் தரம் பார்க்கிற வேலை. மறு வாரமே வேலைக்குப் போனான். துணியை வெளிச்சத்தில் விரித்து இழை விட்டுப்போயிருக்கிறதா என்று பார்ப்பான், பார்த்து முத்திரை குத்துவான். யாராவது கேட்டால் பதில் சொல்வான். கேட்காவிட்டால் சொல்லமாட்டான். அழவில்லை. எதிர்வீட்டுச் சண்முகத்தாய் இரண்டு வேளையும் அவன் வாசலில் தட்டை வைத்து மூடிவிட்டுப் போவாள். சாப்பிட்டுத் தட்டைக் கழுவித் திருப்பிக் கொடுப்பான். சோறு ஆறியிருந்தது. அது தன் நாக்கின் கோளாறு என்று நினைத்துக்கொண்டான். தண்ணீரும் அப்படித்தான் இருந்தது, வெயிலும் அப்படித்தான் இருந்தது. தன் வீட்டு அடுப்பை அவன் பற்றவைத்துப் பார்க்கவேயில்லை. தெருவிலேயே விஷயம் தெரியாத ஒரே ஆள் அவன்தான். அவனிடம் சொல்லக் கூடாது என்று யாரும் கூடிப் பேசி முடிவெடுக்கவில்லை. யாரும் சொல்லவில்லை, அவ்வளவுதான்.

சண்முகத்தாய் காலையில் இட்லியும் சாயங்காலம் பணியாரமும் விற்றுப் பிழைத்தவள். அது நின்றதும் மில்லில் கூட்டிப் பெருக்கும் வேலைக்குப் போனாள். தெரு முக்கில் டீக்கடை வைத்திருந்த தங்கச்சாமி கடையை மெயின் ரோட்டுக்கு அந்தப் பக்கம் மாற்றினார், வாடகை இரண்டு மடங்கு. எட்வின் வீட்டில் மூன்று கிறிஸ்துமஸ் பிரியாணியும் ஆறியே தின்றார்கள். குடியிருந்தவர்களில் இரண்டு குடும்பம் வீட்டைக் காலி செய்தது. சொந்த வீட்டுக்காரர்கள் யாரும் போகவில்லை. வெளித்தெரு ஆள் ஒருவன் டீக்கடையில் தங்கச்சாமியிடம் யோசனை சொன்னான்.

"ஒரு வெறும் பாடையக் கட்டித் தூக்கித் தெருவத் தாண்டிட்டா முடிஞ்சுது சோலி. இதுக்குப் போயி வருசக்கணக்கா ஆறின சோத்தத் திங்கிய."

"தூக்கலாம்ல. புருசன்காரன் கொள்ளிச்சட்டியப் பிடிக்கணும். அவன்ட்டப் போயி, உம் பொண்டாட்டிய இனிமேயாவது வெளிய அனுப்புன்னு சொல்லணும். நீ சொல்லுதியா?"

"நான் எதுக்கு அண்ணாச்சி? நீங்க டீயப் போடுங்க."

இரண்டாயிரத்து இருபத்துநாலில் ஐப்பசி அடைமழையில் சண்முகத்தாயின் மகள் மாரிச்செல்வி தலைப்பிரசவத்துக்குத் தாய்வீடு வந்தாள். பெண்குழந்தை. பெற்ற உடம்புக்கு வெந்நீர் ஊற்ற வழியில்லை. சண்முகத்தாய் அடுத்த தெருவில் காய்ச்சி வாளியோடு ஓடிவருவாள். முக்கில் திரும்பும்போது அது கம்மாய்த் தண்ணீராகிவிடும். ஆகவே குளிக்கவும் மருந்து குடிக்கவும் அவளைப் போர்த்திக்கொண்டு மழையில் அடுத்த தெருவுக்கு நடத்திக் கூட்டிப்போனார்கள். அவளுக்குக் காய்ச்சல் வந்தது. தேவதானத்திலிருந்து அவள் புருஷன் சோலைராஜ் காரோடு வந்து இறங்கினான். வயல்வேலை செய்கிறவன், குரல் பெரியது.

"பச்ச ஒடம்புக்காரிக்கு ஒரு செம்பு சுடுதண்ணிக்கு வக்கில்லாத தெருவா அத்த இது? கெளம்புட்டி."

"நான் வரல," என்றாள் மாரிச்செல்வி.

"ஏன் வரமாட்ட?"

"கொரோனா வார்டுல ரஞ்சனி மதினி எனக்காவ நின்னாவ. முறை முடிஞ்சும் வீட்டுக்குப் போவல. எனக்கு மூச்சு ஏறுத வரைக்கும் கட்டிலு பக்கத்துலயே நின்னாவ. அங்கனதான் அவியளுக்கு ஒட்டிக்கிச்சு. இந்தத் தெருவுல எல்லாரும் இருக்காவ, நான் மட்டும் சுடுதண்ணி தேடி ஓடுனா நல்லாயிருக்குமா?"

"செத்தவ போகாம இருக்கதுக்கு உசிரோட இருக்கவ குளுந்து சாவணுமா? அவ புருசன்ட்ட எவனும் வாயத் தொறக்க மாட்டிய. நான் கேக்கேன்."

"ஏலே, மெதுவா. அந்தா வீட்டுக்குள்ளதாம்ல இருக்கான்," என்றாள் சண்முகத்தாய். மருமகனை ஏலே என்று அவள் கூப்பிட்டது அன்று ஒரு நாள்தான்.

மாரீஸ்வரன் ஜன்னலுக்குப் பின்னால் நின்று எல்லாவற்றையும் கேட்டான். அடுக்களைக்குப் போனான். அடுப்பில் தூசி படிந்திருந்தது. குமிழைத் திருகித் தீக்குச்சியைக் கிழித்தான். குச்சி எரிந்தது. பர்னரில் கொண்டுபோய் வைத்ததும் அணைந்தது. இன்னொன்று கிழித்தான், அதுவும் அணைந்தது. பெட்டி காலியாகும்வரை கிழித்தான். ஒவ்வொன்று அணையும்போதும் அவன் நெஞ்சில் ஏதோ நகர்ந்தது. அது சந்தோஷம் என்று அவனுக்கு மெதுவாகத்தான் புரிந்தது. அவள் இன்னும் போகவில்லை. அவளை வழியனுப்பவில்லையே என்று மூன்று வருடமாக மரத்துக் கிடந்தவன், அவள் போகவே இல்லை என்பதை அன்றுதான் அறிந்தான். அடுத்த சில நாட்கள் தீப்பெட்டி வாங்கிக்கொண்டு வேலையிலிருந்து நேரே வீட்டுக்கு வந்தான். ஒரு குச்சி கிழிப்பான், அணைவதைப் பார்ப்பான், படுத்துக்கொள்வான். கடைக்காரரிடம் தானாக ஒரு வார்த்தை பேசினான். சண்முகத்தாய் வைத்த சோறு ஆறியிருந்தது. இப்போது அந்தச் சில்லிப்பே அவள் இருப்பதற்குச் சாட்சி என்று ஆசையாகத் தின்றான். எதிர்வீட்டில் குழந்தை அழுதது. கம்பளி போர்த்திய மாரிச்செல்வியை மழையில் இரண்டு பேர் தாங்கி நடத்திப்போவதும், திரும்பும்போது அவள் பல் கிட்டித்துக்கொண்டு வருவதும் ஜன்னலில் தெரிந்தது. ஜன்னலைச் சாத்திப் பார்த்தான். குழந்தையின் அழுகை சாத்திய ஜன்னலுக்குள்ளும் வந்தது. ஒருநாள் தட்டைக் கழுவிக் கொண்டுபோய்க் கொடுத்தவன் உடனே திரும்பவில்லை.

"அத்த, நாளைக்கு ரஞ்சனியக் கூட்டிட்டு வாரேன்."

சண்முகத்தாய் தட்டை நெஞ்சோடு பிடித்துக்கொண்டாள். "உன் மனசு தாங்குமாய்யா? நாங்க ஒண்ணும் கேக்கலியே."

"கேக்கல," என்றான்.

மறுநாள் காலையில் ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆஸ்பத்திரிக்கு எதிரே உள்ள ஸ்டாப்பில் போய் நின்றான். இரவு டூட்டி முடிந்தால் அவள் பஸ் ஏறுகிற இடம் அது. கடைசி நாள் அவளை பைக்கில் கொண்டுவந்து விட்டவன், வரும்போது பால் வாங்கிட்டு வா என்றான். சரி என்றாள். அவர்கள் பேசிய கடைசிப் பேச்சு அது. ஸ்டாப்பை ஒட்டிய கடையில் ஒரு பாக்கெட் பால் வாங்கிக்கொண்டான். டவுன்பஸ் வந்தது. இரண்டு பேர் சீட்டில் ஜன்னல் பக்கத்தை விட்டு உட்கார்ந்தான். கூடையோடு ஏறிய ஒரு பெண் அங்கே யாரும் இருக்கிறார்களா என்று கேட்க வாயெடுத்து, ஜன்னல் பக்கம் பார்த்துவிட்டு, "இருக்கட்டும், இருக்கட்டும்" என்று நின்றபடியே வந்தாள். கண்டக்டர் பால்பாண்டி ரஞ்சனியை வருடக்கணக்காக ஏற்றி இறக்கியவர். இரண்டு டிக்கெட் கிழித்தார்.

"உமக்குப் பத்து ரூவா. அக்காவுக்குக் காசு கெடயாது, லேடீஸ் ப்ரீ. அவிய தவறுன அதே மாசந்தான் இது வந்துச்சு, அவியளுக்குத் தெரியாது."

மாரீஸ்வரன் இரண்டு டிக்கெட்டையும் சட்டைப்பையில் வைத்தான். பஸ் ஊரைத் தாண்டியதும் அவன் தோளில் பாரம் இறங்கியது. இரவு டூட்டி முடிந்து வரும்போது அவள் எப்போதும் தூங்கிவிடுவாள். ராஜபாளையம் வரும்வரை அவன் தோளை அசைக்கவில்லை.

பாவடித் தெருவில் எல்லாரும் வாசலில் நின்றார்கள். சண்முகத்தாய் அவனுக்குப் பக்கத்தில் இருந்த இடத்தைப் பார்த்து, "வந்துட்டியாட்டி, இம்புட்டு நாளாவா வாரதுக்கு?" என்று உரக்க அழுதாள். வீட்டு முன்கூடத்தில் பெஞ்சு போட்டுக் கோரைப்பாய் விரித்தார்கள். பாய் ஓர் ஆள் நீளத்துக்கு அமுங்கியது. குளிப்பாட்டுவதற்கான தண்ணீரை, நீர்மாலையை, எடுத்து வந்தார்கள். அவளுடைய கல்யாணச் சேலையை மேலே போர்த்தினார்கள். அது தரையில் சரியாமல், கிடக்கிற உடம்பின் மேல் கிடப்பதுபோலக் கிடந்தது. சுமங்கலிகள் குங்குமம் எடுத்துக்கொண்டார்கள். மாரிச்செல்வி குழந்தையோடு வாசலுக்கு வந்தாள். பச்சைப்பிள்ளைக்காரி இழவு வீட்டுக்கு வரக் கூடாது என்று இரண்டு பேர் தடுத்தார்கள். "அவிய என்னப் பாத்துக் கூடாதுன்னு சொல்லலியே" என்று உள்ளே வந்து, குழந்தையின் முகத்தைப் பெஞ்சுப் பக்கம் திருப்பிக் காட்டிவிட்டுப் போனாள். தங்கச்சாமி எல்லாரையும் வெளியே வரச் சொன்னார். "செத்த நேரம் நீ இருப்பா. நாங்க நிக்கோம்."

மாரீஸ்வரன் பெஞ்சுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தான். மூன்று வருடத்தில் சொல்ல நினைத்தது எவ்வளவோ இருந்தது. "பால் நானே வாங்கிட்டேன்," என்றான். பாக்கெட்டைப் பாயோரம் வைத்தான். எழுந்து கதவைத் திறந்தான்.

பாடையைத் தங்கச்சாமி, எட்வின், சோலைராஜ் இன்னும் ஒருவர் என்று நாலு பேர் தூக்கினார்கள். நல்ல கனம். முக்கு வருவதற்குள் சோலைராஜ் ஒரு தடவை தோள் மாற்றினான். முன்னால் மாரீஸ்வரன் கொள்ளிச்சட்டி பிடித்துப் போனான். தெரு முக்கில் நின்றான். பின்னால் பாடை நின்றது, கொட்டு நின்றது. மழைக்குப் பிறகு வெயில் அடித்துக்கொண்டிருந்தது. யாரும் நடவென்று சொல்லவில்லை. அவன் அங்கிருந்து திரும்பிப்போயிருந்தால் தெரு அவனோடு திரும்பிப்போயிருக்கும், மறுநாளும் ஆறின சோற்றைத் தின்றிருக்கும். அது அவனுக்குத் தெரிந்தது. காலை எடுத்து மெயின் ரோட்டில் வைத்தான். பாடை அவன் பின்னால் முக்கைத் தாண்டியது. உடனே முதுகுக்குப் பின்னால் ஏதோ ஒரு வீட்டில் டப் என்று கேஸ் அடுப்பு பற்றுகிற சத்தம் கேட்டது. அடுத்த வீட்டில் ஒன்று. அப்புறம் தெரு நெடுக, மாறி மாறி. பெண்கள் உள்ளே ஓடுவதும் பாத்திரம் உருளுவதும் கேட்டது. கொள்ளிச்சட்டி பிடித்தவன் திரும்பிப் பார்க்கக் கூடாது. அவன் திரும்பவில்லை. சுடுகாட்டில் வெறும் பாடையும் ஒரு சேலையும் எரிகிற நேரம் அல்ல, ஓர் உடம்பு எரிகிற நேரம் எரிந்தது.

பிறகு நடந்தவை சாதாரணம். தங்கச்சாமி கடையை முக்குக்கே கொண்டுவந்தார், டீ பன்னிரண்டு ரூபாய். காலி செய்துபோன குடும்பங்களில் ஒன்று திரும்பி வந்தது. சண்முகத்தாய் மில் வேலையை விட்டு இட்லிக்கு ஆட்டினாள். மாரிச்செல்வி வெந்நீரில் குளித்துத் தேறிக் குழந்தையோடு தேவதானம் போனாள். மாரீஸ்வரன் டவுன்பஸ் ஏறினால் பால்பாண்டி ஒரு டிக்கெட்தான் கிழித்தார்.

அன்று சாயங்காலம் சுடுகாட்டிலிருந்து வந்து குளித்துவிட்டு அவன் வாசலில் உட்கார்ந்திருந்தான். தெருவில் அவன் வீட்டு அடுப்பு மட்டும் எரியவில்லை. இழவு வீட்டில் அன்று மூட்டுவதில்லை. சண்முகத்தாய் தட்டோடு வந்தாள். மூடியை எடுத்ததும் ஆவி அவன் முகத்தில் அடித்தது. பாயோரம் இருந்த பாலைக் காய்ச்சி மாரிச்செல்விக்குக் கொடுத்துவிட்டதாகச் சொன்னாள். அவன் தலையாட்டினான். ஒரு வாய் எடுத்து வைத்தவன் வாயைத் திறந்தபடியே இருந்தான். கண்ணில் தண்ணீர் வந்தது.

"சுடுது அத்த."

"சுடத்தான்யா செய்யும். ஊதித் தின்னு."

ஊதித் தின்றான்.