லிஃப்டின் மேல் ஒரு பச்சை அம்பு

என் தங்கைக்குப் பிறவியிலேயே காது கேட்காது. ஆனால் வீட்டில் அவளுக்கு வைத்த பட்டப்பெயர் வாயாடி. கை ஓயவே ஓயாது. சாப்பிடும்போதுகூட இடது கையால் ஏதாவது ஒரு கதை சொல்லிக்கொண்டிருப்பாள்.

நாங்கள் இருவரும் ஒரு பெரிய மருத்துவமனையின் சலவைப் பிரிவில் வேலை பார்க்கிறோம். நான் விரிப்புகளை மடிக்கிறேன், அவள் இஸ்திரி இயந்திரத்தில் நிற்கிறாள். அவள் கையால் சொல்வதை மற்றவர்களுக்கு நான் வாயால் சொல்வேன். ஒன்றை ஒப்புக்கொள்கிறேன், அப்படியே சொல்ல மாட்டேன். அவள் வெட்டு ஒன்று துண்டு இரண்டாகப் பேசுகிறவள். மேலதிகாரிகளிடம் போகும்போது நான் கொஞ்சம் சர்க்கரை தடவிவிடுவேன். வேலை போய்விடக் கூடாதே என்ற பயம்தான்.

தீப்பிடித்தால் எப்படி வெளியேறுவது என்று நிர்வாகம் ஒரு படம் எடுத்திருந்தது. ஊழியர்களைக் கூட்ட அறையில் உட்காரவைத்துப் போட்டுக் காட்டினார்கள். இரண்டு நிமிடப் படம். விறுவிறுப்பான இசை, கம்பீரமான குரல். அடுத்த வாரத்திலிருந்து எல்லா மாடித் தாழ்வாரங்களிலும் உள்ள டிவிகளில் இது ஓடும் என்றார் மேலாளர். எல்லாரும் கைதட்டினோம். வாயாடி மட்டும் கையைத் தூக்கினாள்.

"என்னம்மா?" மேலாளர் என்னைப் பார்த்துத்தான் கேட்டார்.

அவள் சொன்னதைப் பார்த்ததும் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. ஆனாலும் சமாளித்துக்கொண்டு, "படம் ரொம்ப நல்லாருக்காம் சார், சின்னதா ஒரு சந்தேகம்..." என்று ஆரம்பித்தேன். என் உதட்டசைவை அவள் படித்துவிட்டாள். தொடையில் பளாரென்று ஓர் அடி. சொன்னதைச் சொல் என்று கண்ணாலேயே அதட்டினாள்.

அப்படியே சொன்னேன். "இந்தப் படத்தைப் பாத்துட்டு ஓடுறவங்க பொழைக்க மாட்டாங்கன்னு சொல்றா சார்."

முன்னால் ரிமோட்டோடு உட்கார்ந்திருந்த, படம் எடுத்தவர் எழுந்து நின்றார். வாயாடி நேரே முன்னால் போய், அவர் கையிலிருந்த ரிமோட்டை வாங்கி, படத்தை மறுபடி ஓட்டி ஓர் இடத்தில் நிறுத்தினாள்.

திரை முழுக்க லிஃப்ட் கதவு. அதன் மேல் பளிச்சென்று ஒரு பச்சை அம்பு. அம்பின் நுனி, திரையின் ஓரத்தில் இருந்த படிக்கட்டைத்தான் காட்டியது, ஆனால் படிக்கட்டில் பாதி வெட்டுப்பட்டுப் போயிருந்தது. 'லிஃப்டில் ஏறாதீர்கள், படிக்கட்டில் இறங்குங்கள்' என்று அந்த இடத்தில் குரல் சொல்லியிருந்தது. அதே வாசகம் அடியில் எழுத்தாகவும் வந்திருந்தது, வெள்ளைச் சுவரின் மேல் வெள்ளை எழுத்தில். படிக்கத் தொடங்குவதற்குள் மறைந்துபோனது.

அவள் சொல்லச் சொல்ல நான் சொன்னேன். "என் கண்ணுக்குத் தெரிஞ்சது லிஃப்ட், அது மேல பச்சை. பச்சைன்னா போலாம்னுதானே அர்த்தம்?"

"குரல்தான் தெளிவா சொல்லுதேம்மா," என்றார் மேலாளர். "உன் தங்கச்சிக்கு நீ தனியா சொல்லிக் குடுத்துடு."

வாயாடி சிரித்தாள். "தாழ்வாரத்து டிவியில சத்தம் வைப்பீங்களா?"

நோயாளிகள் தூங்கும் இடம் அது. அங்கே டிவிக்கு எப்போதுமே ஒலி கிடையாது.

"அப்போ அங்க எல்லாருக்கும் என் காதுதான் சார்."

இந்த வாக்கியத்தை நான் சர்க்கரை தடவாமல், அவள் வைத்த அதே திமிரோடு சொன்னேன். சொல்லும்போதே நெஞ்சு நிமிர்ந்துவிட்டது.

படம் எடுத்தவர் நல்ல மனிதர். கோபித்துக்கொள்ளாமல், "சோதிச்சுப் பாத்துடலாம்," என்றார். வெளியே காத்திருந்த பார்வையாளர்களில் மூன்று பேரை அழைத்து வந்து, ஒலியை அணைத்துவிட்டுப் படத்தைப் போட்டார்கள். தீப்பிடித்தால் எதில் இறங்குவீர்கள் என்று மேலாளரே கேட்டார். ஒருவர் யோசிக்காமல் லிஃப்ட் என்றார். இன்னொரு அம்மாள், "அதான் பச்சை காட்டுதே, லிஃப்டுதான்," என்றார். மூன்றாமவர் தலையைச் சொறிந்துவிட்டு அதையே சொன்னார்.

மேலாளர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.

அடுத்த இரண்டு நாளும் வாயாடி இஸ்திரி போடவில்லை. படம் எடுத்தவரோடு உட்கார்ந்து ஒவ்வொரு காட்சியையும் பிரித்து மேய்ந்தாள். லிஃப்டின் மேல் சிவப்பில் பெரிய பெருக்கல் குறி. பச்சை, படிக்கட்டுக்கு மட்டும். எழுத்து மஞ்சள் பட்டையில் கறுப்பாக, நிதானமாகப் படிக்கிற நேரம் வரை. எழுத்தும் படிக்கத் தெரியாதவர் வந்தால்? அதற்கு ஒரு பெண் லிஃப்டின் முன் நின்று, வேண்டாம் என்று தலையசைத்துக் கையை விரித்துத் தடுக்க வேண்டும் என்றாள். யார் நடிப்பது என்று தேடவே இல்லை. அவளையே நிற்கவைத்துவிட்டார்கள்.

இப்போது ஒவ்வொரு மாடியிலும் என் தங்கை நின்று ஊரையே தடுத்துக்கொண்டிருக்கிறாள். சாப்பாட்டு நேரத்தில் நான் ஒரு காரணமும் இல்லாமல் மேலே போய்ப் பார்த்துவிட்டு வருகிறேன். "அந்தப் பொண்ணு முகத்தைப் பாத்தாலே லிஃப்டுகிட்ட போகத் தோணாது," என்றார் அங்கே உட்கார்ந்திருந்த ஒரு பெரியவர். "என் தங்கச்சிங்க," என்றேன். அவர் கேட்கவில்லைதான், நானாகவே சொன்னேன்.

போன வாரம் ஒத்திகை நடந்தது. மணி அடித்ததும் மூன்றாம் மாடிப் பார்வையாளர் கூட்டம் முழுக்கப் படிக்கட்டில் இறங்கி வந்தது. லிஃப்ட் பக்கம் ஒருத்தரும் போகவில்லை. மேலாளர் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு வாயாடியின் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

அவளோ கையை உருவிக்கொண்டு கீழ்த்தளக் கதவைக் காட்டினாள். அதில் 'தள்ளவும்' என்று எழுதியிருந்தது. ஆனால் பொருத்தியிருந்ததோ இழுப்பதற்கான கைப்பிடி. நாலு பேர் அதைப் பிடித்து இழுத்துக்கொண்டு நின்றார்கள்.

மேலாளர் பையிலிருந்து குறிப்பேட்டை எடுத்தார்.