பொய் சொல்லாத கர்னல்

இங்கிலாந்தில் ராஜாவும் பார்லிமென்டும் அடித்துக்கொண்ட காலத்தில் யார்க்ஷயர் பொட்டலில் நடந்த சண்டை இது. பார்லிமென்ட் படையின் வலப்பக்கக் குதிரைகள் அடி தாங்காமல் பிய்த்துக்கொண்டு ஓடிவிட்டன. அவற்றின் தளபதி கர்னல் ஆம்ப்ரோஸ் டிண்டல் மட்டும் எதிரிகளுக்கு நடுவே தன்னந்தனியாக மாட்டிக்கொண்டார்.

இரண்டு படைக்கும் உடுப்பு ஒரே மாதிரிதான். தொப்பியில் வெள்ளைக் காகிதம் செருகியிருந்தால் பார்லிமென்ட் ஆள். டிண்டல் அதைப் பிடுங்கி எறிந்தார். களத்தைக் கடந்து, மறுகோடியில் நிற்கும் தன் கட்சிக் குதிரைகளைக் கூட்டிவந்து எதிரியின் முதுகில் அடித்தால் இன்னும் ஜெயிக்கலாம்.

சிக்கல் என்னவென்றால், மனிதர் பொய் சொல்லமாட்டார். சொன்னால் நேரே நரகம் என்று நம்பும் பரம பக்தர். பிரசங்கியார் தன் பிரசங்கம் எப்படி என்று கேட்டபோதே, "தூக்கம் வந்தது" என்றவர். காகிதத்தை எறிந்தது பொய்யில் சேராது என்று தனக்குத்தானே தீர்ப்புச் சொல்லிக்கொண்டார்.

பாதி வழியில் ஒரு குரல். "யோவ்! இங்க வாய்யா!"

கூப்பிட்டவர் ராஜாவின் தளபதி, கிழவர் சர் பெவிஸ் லார்ன். அவர் பின்னால் ஆயிரம் குதிரைகள் சண்டையில் இறங்காமல் காத்து நின்றன. டிண்டல் குதிரையைத் திருப்பி அவர் முன்னால் போய் நின்றார்.

"அங்கேயிருந்துதானே வர்ற? என்ன நிலவரம்?"

"பார்லிமென்ட் வலப்பக்கத்துல ஒருத்தன் மிச்சமில்ல, ஐயா. எல்லாரும் ஓடிட்டாங்க. பார்த்ததும் எனக்கு அழுகையே வந்துருச்சு."

"ஆனந்தக் கண்ணீர்! அப்ப என் குதிரைங்க இனி தேவையில்லேங்கிற?"

"அதை நீங்கதான் முடிவு பண்ணணும், ஐயா."

"பண்ணியாச்சு! டேய், எல்லாரும் இறங்குங்கடா, பீர் பீப்பாயைத் திறங்க! நீ எங்கய்யா ஓடுற?"

"மறுகோடிக்கு, ஐயா. எங்க ஆளுங்களுக்குச் சேதி சொல்லணும்."

"போ, போ! வேகமா போ!"

ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை. டிண்டல் கூட்டிவந்த குதிரைகள் பின்னாலிருந்து பாய்ந்தபோது, ராஜாவின் ஆயிரம் வீரர்கள் கையில் வாளுக்குப் பதில் குவளையோடு நின்றார்கள். சண்டை முடிந்தது. சர் பெவிஸ் கைதியானார்.

"அடப்பாவி! வாய் கூசாம பொய் சொன்னியே!"

"ஒண்ணாவது பொய்யா, யோசிச்சுப் பாருங்க."

கிழவர் யோசித்தார். யோசிக்க யோசிக்க முகம் சிவந்தது. பிறகு வயிறு குலுங்கச் சிரித்தார்.

"உனக்குப் பொய்யே வராதுன்னு உன் ஆளுங்க சொல்றாங்க. அப்ப இதைச் சொல்லு. நான் நல்ல தளபதியா?"

கிழவர் கண்ணில் அவ்வளவு ஆசை. டிண்டலுக்கு மனசு இளகிவிட்டது. ஆயிரம் குதிரைக்கு முன்னால் வராத வேர்வை இப்போது கொட்டியது.

"நீங்க... குதிரை மேல உட்கார்ந்திருந்தது ரொம்பக் கம்பீரமா இருந்துச்சு, ஐயா."