வேறு பெயரில் ஒரு மலர்வளையம்

"வீடு மாறி வந்துட்டீங்கம்மா," என்று பெரியவர் வாசலிலேயே மறித்தார். மலர்வளையத்து அட்டையில் யாரோ முன்பின் தெரியாதவன் பெயர். உள்ளே கிடப்பது அவருடைய தம்பி.

தலை நரைத்த அந்த நர்ஸ் அவர் தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தாள்.

"இவரேதாங்க. முப்பது வருஷமா ரத்தம் எடுக்க நான் ஊசி குத்தின கை, எனக்குத் தெரியாதா?"

"என் தம்பி ரத்தம் குடுக்கிற பக்கமே போறதில்லை. நான் வேணாம்னுட்டேன்." குரலில் இன்னமும் மிடுக்கு இருந்தது.

"அப்பல்லாம் காசுக்கு விக்கிறவங்கதான் வரிசையில நிப்பாங்க. எந்தப் பாட்டில்ல என்ன நோயோன்னு பயந்துகிட்டேதான் ஏத்துவோம். காசு வேணாம்னு வந்த மொத ஆளு இவர். கேஷியர் இவருக்குக் கிறுக்குன்னே முடிவு பண்ணிட்டார். அப்புறம் இவரே ஆளுங்களைக் கூட்டிட்டு வந்தார். இப்ப அந்த வரிசையே இல்லீங்க."

அந்த வரிசையில் தம்பி நின்றதைப் பெரியவர் ஒருநாள் பஸ்ஸிலிருந்து பார்த்திருந்தார். அன்று வீட்டில் ஒருவரும் சாப்பிடவில்லை. "ரத்தம் விக்கிற பயலுக நோட்டுல நம்ம குடும்பப் பேரு ஏறக் கூடாது!" தம்பி ஏதோ சொல்ல வாயெடுத்தான். இவர் விடவில்லை. "ஏறாதுண்ணே," என்றான் கடைசியில். ஒரே அதட்டலில் அடக்கிவிட்டதாக, போகிற வருகிறவர்களிடமெல்லாம் இவர் சொல்லிக்கொண்டு திரிந்தார்.

அவன் சொன்ன சொல்லைக் காப்பாற்றியிருக்கிறான்.

தம்பி மகள் பக்கத்தில் வந்து நின்றாள். "நான்தான் பெரியப்பா இவங்களுக்குச் சொல்லி அனுப்பினேன்."

"உனக்குத் தெரியுமா?"

"எல்லாருக்கும் தெரியும். உங்க காதுக்கு மட்டும் போகக் கூடாதுன்னாரு அப்பா." அவள் குரலைத் தாழ்த்தினாள். "அட்டையைக் கிழிச்சிடட்டுமா? வர்றவங்க ஆளாளுக்குக் கேப்பாங்க."

"வேணாம்."

வளையத்தை அவரே வாங்கிக்கொண்டு போய், அட்டை எல்லோருக்கும் தெரியும்படி தம்பியின் காலடியில் சாய்த்து வைத்தார். யாரோ நாற்காலி போட்டார்கள். உட்காரவில்லை.

முதலில் வந்தவர் சம்பந்தி. குனிந்து படித்துவிட்டு நிமிர்ந்தார்.

"யாரு பேருங்க இது?"

"இவன்தான். சொந்தப் பேரை எழுத நான் விடலை."

சம்பந்தி மறுபடியும் குனிந்து அட்டையைப் படித்தார். ஏதோ திறந்து கிடப்பதுபோல, பெரியவர் சட்டையின் கழுத்துப் பொத்தானைத் தடவிப் பார்த்தார். அது போட்டுத்தான் இருந்தது.