ஏழாவது பாட்டிலிருந்து

கல்முனையில் றிஷாட்டுக்குப் பிடித்த மனிதர் என்று எவரும் இல்லை. உள்ளூர்க் கவிஞர்கள் கைதட்டுக்கு அலைபவர்கள். கொழும்பில் ராப் பாடுகிறவர்கள் சென்னைத் தமிழை இரவல் வாங்கி உளறுகிறவர்கள். கேட்கிற சனமோ, அவனைப் பொறுத்தவரை, முழுச்செவிடு. இந்தக் கரையோரத்துப் பேச்சிலேயே முதல் ராப் அல்பத்தை இறக்கி அத்தனை பேரின் வாயையும் அடைப்பது என்று இருபத்துநான்கு வயதில் முடிவெடுத்தான். அல்பத்துக்கு 'மெயின் றோட்டு' என்று பெயரும் வைத்தான்.

வரிகளும் குரலும் அவனுடையவை. தாளம் கட்டுவது, பதிவு செய்வது, வெட்டி ஒட்டுவது எல்லாம் அவனுடைய கூட்டாளி, காரைதீவு ஜீவராஜ். ஸ்டூடியோ என்று பெரிதாக ஒன்றும் இல்லை. சம்மாந்துறையில் றிஷாட்டின் மாமாவுக்கு ஒரு நெல் ஸ்டோர் இருந்தது. பெரும்போக அறுவடை முடிந்து மூட்டைகள் முகடு முட்டக் கிடந்தன. நடுவில் ஓர் ஆள் நிற்க இடம் விட்டு மூட்டைகளைச் சுற்றி அடுக்கி, அதற்குள் மைக்கைக் கட்டினான் ஜீவராஜ். வெளியே உழவு மெஷின் போனாலும் உள்ளே கேட்காது. நெல் தூசியில் தும்மித் தும்மியே றிஷாட் ஆறு பாட்டை முடித்தான்.

அடுத்த கிழமை போனால் ஸ்டோர் வெறிச்சென்று கிடந்தது. நல்ல விலை வந்ததும் மாமா ஒரு வார்த்தை சொல்லாமல் நெல்லை லொறியில் ஏற்றிவிட்டார். வாயைத் திறந்தால் குரல் சுவரில் மோதித் திரும்பி வந்தது.

"சிறுபோக நெல் வரட்டும் மச்சான். இப்படி எதிரொலிச்சா சரிவராது," என்றான் ஜீவராஜ்.

"நாலு மாசமா? வெளியீட்டு விழாவுக்கு ஹோல் புக் பண்ணியாச்சி. இஞ்ச ஆருக்குடா காது இரிக்கி? நான் பாடுறன், நீ புடி."

மிச்ச நான்கு பாட்டும் எதிரொலியோடுதான் பதிவாகின. ஜீவராஜுக்கு மனம் கேட்கவில்லை. ஒரு கிழமை குந்தியிருந்து வரிசையையே மாற்றினான். எதிரொலி குறைந்த பாட்டு ஏழாவது, கூடியது பத்தாவது. ஒவ்வொன்றிலும் தாளத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக உருவி, கடைசிப் பாட்டில் குரலை மட்டும் தனியே நிற்க விட்டான். வேலை மெனக்கெட்டவன் என்று றிஷாட் சிரித்தான்.

ஜீவராஜ் கேட்டது ஒன்றே ஒன்றுதான். "விழாவுக்கு அப்பாவக் கூட்டி வாறன். நான் ஊர் சுத்துறன் எண்டுதான் அவர் நினைக்கார். மேடையில என்ட வேலைய ஒருக்காச் சொல்லு, எனக்கு அதுவே காணும்."

"சொல்லாம உடுவனாடா?"

வெளியீட்டு விழாக்களை றிஷாட்டைப் போல் ஏளனம் செய்தவர் ஊரில் இல்லை. ஆனால் விழா எடுக்காமல் எதை வெளியிட்டாலும் வெளியிட்டதாக ஊர் ஒப்புக்கொள்ளாது. ஆகவே குர்ஆன் ஓதும் கிறாஅத், வரவேற்புரை, தலைமையுரை, பொன்னாடை எல்லாம் இருந்தன. முதற்பிரதி பெறுபவர் அரிசி ஆலை மீராமுகைதீன் ஹாஜியார். போனில் கேட்கிற அல்பத்துக்குப் பிரதி எங்கே? ஒரு பென்டிரைவைப் பெட்டியில் போட்டு மினுங்கும் தாள் சுற்றிக் கொடுத்தார்கள். ஹாஜியார் அதைக் குலுக்கிப் பார்த்துவிட்டுப் படத்துக்குச் சிரித்தார்.

விமர்சன உரை மஜீட் சேர். ஓய்வுபெற்ற கல்வி அதிகாரி. கல்முனையில் எந்த நூல் வந்தாலும் அவர்தான் பேசுவார். அட்டையை மட்டும் பார்த்துவிட்டு வருகிற ஆள், இதற்கு அட்டையும் இல்லை, என்ன செய்யப்போகிறார் என்று றிஷாட் முதல்நாள்கூட நக்கலடித்திருந்தான்.

மஜீட் சேர் தாளேதும் இல்லாமல் எழுந்து வந்தார்.

"நான் இத மூணு தரம் கேட்டன். வரிகள் சுமார்தான். கோபம் நிறைய இரிக்கி, யோசன குறைவு. ஆனா ஏழாவது பாட்டிலிருந்து ஒரு விசயம் நடக்குது. அதுவரைக்கும் அறைக்குள்ள அடைபட்டுக் கிடந்த குரலுக்குச் சுவர் விலகுது. தாளம் ஒண்டொண்டாக் கழருது. கடைசியில ஒரு மனிசன் வெட்டவெளியில தனிய நிண்டு கதைக்கான். எனக்கு அழுகை வந்திட்டு. இது வேல தெரிஞ்சவன்ட வேல." அவர் றிஷாட் பக்கம் திரும்பினார். "தம்பி, இது ஆர்ட யோசன?"

மூன்றாவது வரிசையில் ஜீவராஜின் தகப்பன் இராசதுரை நிமிர்ந்து உட்கார்ந்தார்.

வரிகள் சுமார்தான் என்ற சொல் றிஷாட்டின் நெஞ்சில் சுருக்கென்று தைத்தது. உள்ளதைச் சொன்னால் இந்த அல்பத்தில் அவனுக்கென்று என்ன மிஞ்சும்?

"என்ட யோசனதான் சேர்."

மண்டபம் கைதட்டியது. ஹாஜியார் பொன்னாடை போர்த்தினார்.

நிகழ்ச்சி நிரலில் கடைசியாக அவனுடைய ஏற்புரை இருந்தது. சொல்ல அப்போதும் நேரம் இருந்தது. மைக்கைப் பிடித்து, தான் வாய்க்கு வந்தபடி ஏசித் திரிந்த ஒவ்வொருவருக்கும் பெயர் சொல்லி நன்றி சொன்னான். மாமாவின் ஸ்டோருக்கும் சொன்னான். ஜீவராஜின் பெயர் தொண்டைவரை வந்து நின்றது. இப்போது சொன்னால் சற்றுமுன் சொன்னது பொய் என்றாகிவிடும். "ஒத்தாசையா நிண்ட கூட்டாளிமாருக்கும் நன்றி," என்று முடித்தான்.

வெளியே எல்லாரும் பிளேன்டிக் கோப்பையும் கையுமாக நின்றார்கள். ஜீவராஜைப் பிடித்து ஏதாவது சொல்ல வேண்டும் என்று றிஷாட் வாசல் வரை ஓடினான். மோட்டார் சைக்கிளடியில் தகப்பனும் மகனும் நின்றார்கள்.

"அப்ப இவ்வளவு நாளும் அங்க போய் நீ என்னடா செஞ்ச?" என்று கேட்டார் இராசதுரை.

ஜீவராஜ் ஹெல்மெட்டின் வாரைப் பூட்டினான். வாசலில் றிஷாட் நிற்பதை அவன் கண்டுவிட்டான்.

"ஒண்டுமில்ல அப்பா. சும்மா கூட இருந்தன்."

மோட்டார் சைக்கிள் காரைதீவுப் பக்கம் போனது. அடுத்த அல்பம் எப்போது என்று கேட்டுக்கொண்டு ஹாஜியார் வந்து றிஷாட்டின் தோளில் கை போட்டார். றிஷாட்டுக்கு வெட்கமாக இருந்தது. இந்த ஊரில் எத்தனையோ பேரை அவன் கேவலமாக நினைத்திருக்கிறான். ஒருவனையும் இவ்வளவு கேவலமாக நினைத்ததில்லை.