மூன்று முறை கூப்பிட்டும் வராதவர்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை என்னுடையதல்ல; ஆலங்காயத்து டீக்கடையில் ஓசியில் கிடைத்தது. கொடுத்தவர் பாண்டுரங்கன், ஒரு நீதிமன்றத்தில் பெயர் சொல்லிக் கூப்பிடும் டவாலியாக இருந்து ஓய்வு பெற்றவர். (டீக்குக் காசும் அவர்தான் கொடுத்தார்.)

"எழுபத்தொன்பதுல சார். ஜவ்வாது மலையில புதூர்நாட்டு ஆளு, வேடியப்பன்னு பேரு. சந்தன மரம் வெட்னதா ஒரு வருஷம் தண்டனை. அப்பீல் போட்டுட்டு ஜாமீன்ல இருந்தாரு. அப்பீல் வந்த அன்னிக்கி நான் மூணு வாட்டி பேர் சொல்லிக் கூப்ட்டேன். ஆளும் வரல, வக்கீலும் வரல. தள்ளுபடி. அப்புறம் இன்னா, ஜெயிலுதான்."

2

முதல் தொடக்கம்: 'மலை முகடுகளில் பனி பொன்னாக உருகிக்கொண்டிருந்த அந்த…'

வேண்டாம். ஜவ்வாது மலைக்கு நான் ஒரே ஒரு தடவைதான் போயிருக்கிறேன். ஜீப்பில் ஏறியது முதல் இறங்கும்வரை வாந்தி. முகட்டை எங்கே பார்த்தேன்?

இரண்டாம் தொடக்கம்: 'வேடியப்பன் ஒரு சோம்பேறி.' சுருக்கமாக இருந்தது, எனக்குப் பிடித்தும் இருந்தது. பாண்டுரங்கனிடம் படித்துக் காட்டினேன். மனிதர் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு முறைத்தார்.

"சோம்பேறி இல்ல சார். அவங்க ஊர்ல மாரியம்மனுக்குக் காப்பு கட்டிட்டாங்க. கையில காப்பு இருந்தா, திருவிழா முடியறவரைக்கும் ஊர் எல்லைய தாண்ட மாட்டாங்க."*

* எந்த மாதத் திருவிழா என்று கேட்காதீர்கள். நான் கேட்க மறந்துவிட்டேன்.

3

ஆகவே ஒரு காட்சி. (கற்பனை என்னுடையது, பிழை இருந்தால் அதுவும்.) கோர்ட்டுக்குப் போகவேண்டிய காலை. மணிக்கட்டில் மஞ்சள் காப்போடு வேடியப்பன் வீட்டு வாசலில் உட்கார்ந்திருக்கிறார். மனைவி மங்கம்மாள் எதிரே நிற்கிறாள்.

"ந்தா, காப்ப அவுத்துட்டுக் கெளம்பு. இல்லாட்டி ஜெயிலுக்குத்தான் போவணும்."

"கோர்ட்டுல வாய்தா குடுப்பாங்க மங்கா. போன தபாகூட குடுத்தாங்களே. சாமிகிட்ட இன்னா வாய்தா கேக்கறது?"

அசட்டு நம்பிக்கைதான். ஆனால் எனக்கு அவர்மேல் கோபம் வரவில்லை. பதிப்பாளரிடம் நானும் இப்படித்தான் வாய்தா வாங்கிப் பிழைக்கிறேன். மங்கம்மாள் கையில் காப்பு இல்லை. அவளே ஜீப் பிடித்துக் கீழே இறங்கினாள்.

4

முடிவுகள்.

(அ) நீதிபதி மனமிரங்கி மறுபடி விசாரிக்கிறார். இதை என் மனைவியே நம்பமாட்டாள்.

(ஆ) வேடியப்பன் காட்டுக்குள் ஓடி, துப்பாக்கியோடு… சே, சினிமா.

(இ) நடந்தது. மங்கம்மாள் வந்து சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. கோர்ட்டு வாசலில் நின்ற பாண்டுரங்கனிடம் அவள் கேட்டாளாம்:

"அவரு வரலன்னு தள்ளிட்டீங்க, செரிங்க. அவரு மரத்த வெட்னாரா இல்லியான்னு யாராச்சும் பாத்தீங்களா?"

"அந்தம்மா கேட்டது நாயந்தான் சார்," என்றார் பாண்டுரங்கன். "ஆள் வராட்டியும் கேசப் படிச்சுப் பாத்துதான் தீர்ப்பு சொல்லணுமாம். அன்னிக்கி யாரும் படிக்கல."

எனக்குச் சுருக்கென்றது. இத்தனை வரைவிலும் அவர் ஏன் வரவில்லை என்பதைத்தான் எழுதிக்கொண்டிருந்தேன். வெட்டினாரா என்று நானும் கேட்கவில்லை. இதில் என் மனைவியைப் பற்றி நக்கல் வேறு. வெட்கமாக இருக்கிறது.

5

வெட்டினாரா என்பது பாண்டுரங்கனுக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது. திருவிழா முடிந்த மறுநாள் போலீஸ் மலையேறியது, வேடியப்பன் ஒரு வருஷம் உள்ளே இருந்தார் என்பதுவரைதான் தெரியும்.

நான் இத்துடன் நிறுத்திக்கொள்கிறேன். மங்கம்மாள் கேட்டதற்கு நீங்களாவது விசாரித்துப் பதில் சொல்லுங்கள், வேடியப்பன் வந்தாலும் வராவிட்டாலும்.