கட்டிலுக்கடியில் இருந்த கல்

"ஒரு பக்கம் தாழுதுங்க. தட்டையா ஏதாச்சும் குடுங்க, முட்டுக் குடுத்துடலாம்" என்றார் ஐஸ் பெட்டி கொண்டு வந்தவர்.

கூடத்தின் ஈசானி மூலையில் தரை முக்கால் அங்குலம் இறங்கியிருப்பது அந்த வீட்டில் எல்லோருக்கும் தெரிந்ததுதான். கொத்தனாரைக் கூப்பிட்டுச் சரிசெய்ய வேண்டும் என்று பத்து வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்த மாத்ருபூதம் இப்போது அந்தப் பெட்டிக்குள் படுத்திருந்தார். இனிமேல் கொத்தனாரைத் தேடுவது அவர் வேலை இல்லை.

அவருடைய ஒரே மகள் தேவதர்ஷினி அடுக்களைக்கு ஓடிச் சப்பாத்திப் பலகையோடு வந்தாள். முப்பத்திரண்டு வயது, சென்னையில் சாஃப்ட்வேர் கம்பெனியில் பத்துப் பேரை மேய்க்கிற பெண். எதை எடுத்து வந்தோம் என்பதுகூட நீட்டிய பிறகுதான் அவளுக்கு உறைத்தது. பாலு சித்தப்பா அதை வாங்கி ஜன்னலில் வைத்துவிட்டு, படுக்கையறைக் கட்டிலுக்கடியில் கையை விட்டுத் துழாவி, செய்தித்தாளில் சுற்றிச் சணல் கட்டியிருந்த கனமான எதையோ இழுத்து வந்தார். பெட்டியின் காலுக்கு அடியில் அதைச் செருகியதும் ஆட்டம் நின்றது. என்ன அது என்று யாரும் கேட்கவில்லை.

முந்தின நாள் சாயங்காலம், வேலை பார்த்த டைல்ஸ் கடையில் பில் எழுதிக்கொண்டிருந்தவர் அப்படியே மேஜைமேல் சாய்ந்துவிட்டார். ஆஸ்பத்திரிக்குப் போவதற்குள் முடிந்துவிட்டது. தர்ஷினி சென்னையிலிருந்து பஸ் பிடித்து வந்து சேர்ந்தபோது விடிந்திருந்தது. அழுகை வரவில்லை. வராமல் எங்கே போய்விட்டது என்றும் தெரியவில்லை.

அப்பாவின் போன் அவள் கையில் இருந்தது. அது ஓயாமல் அடித்தது. எல்லோரும் ஒரே கேள்வியைத்தான் கேட்டார்கள். "கே.கே. நகர் பஸ் ஸ்டாண்டு தாண்டி வந்துட்டேம்மா. வீடு எது? வாசல்ல பேரே இல்லையே." எதிர்வீட்டு லூர்துராணி அக்கா தெருமுனையில் நின்று வருகிறவர்களுக்குக் கை காட்டிக்கொண்டிருந்தார்.

"பேரு போட்டிருந்தா இந்தப் பாடு உண்டா?" என்றாள் அம்மா அகிலாண்டம், பெட்டியின் தலைமாட்டில் உட்கார்ந்தபடி. அழுது அழுது குரல் கம்மியிருந்தது. "கிரகப்பிரவேசத்தப்பவே கல்லுல பேரு செதுக்கி வாங்கியாச்சு. கடன் இருக்கறப்ப எம் பேரப் போட்டா பேங்குக்காரன் சிரிப்பான், முடியட்டும்னார். போன ஜூன்ல பதினஞ்சு வருஷக் கடன் முடிஞ்சிடுச்சுன்னு அரைக்கிலோ மைசூர்பாகு வாங்கிட்டு வந்தார். அப்பவாச்சும் மாட்டினாரா? நல்ல நாள் பாத்து மாட்டலாம்னார். ஆவணி பூரா ஒரு நல்ல நாள் கெடைக்கலையாடி இந்த மனுஷனுக்கு?"

அப்போதுதான் போன் ஒருமுறை அதிர்ந்து அடங்கியது. வீட்டுக் கடன் தவணை ரூபாய் 11,993 ஐந்தாம் தேதி எடுத்துக்கொள்ளப்படும், கணக்கில் பணம் இருக்கட்டும் என்றது பேங்கிலிருந்து வந்த செய்தி.

முடிந்துபோன கடனுக்கு என்ன தவணை? எவனோ ஏமாற்றுகிறான் என்றுதான் முதலில் நினைத்தாள். ஆனால் அந்தத் தொகையைக் கேட்டே வளர்ந்தவள் அவள். பதினொண்ணு தொள்ளாயிரத்துத் தொண்ணூத்து மூணு போக மிச்சம் எவ்வளவு என்று பார்த்துவிட்டுத்தான் அந்த வீட்டில் தீபாவளிக்குத் துணியே எடுப்பார்கள். ஏமாற்றுகிறவனுக்கு அந்தக் கடைசி மூன்று ரூபாய் வரைக்கும் எப்படித் தெரியும்?

"பாப்பா, அப்பாவோட ஆதார் ஜெராக்ஸ் வேணும். ஓயாமரியில கேப்பாங்க" என்றார் பாலு சித்தப்பா. ஓயாமரி காவிரிக்கரைச் சுடுகாடு.

பீரோவில், பழைய ரெக்ஸின் பையில் ஆதார் மேலாகவே இருந்தது. அதற்குக் கீழே பேங்க் கொடுத்த கணக்குத் தாள்கள். எடுக்க வேண்டாம் என்றுதான் நினைத்தாள். கை எடுத்துவிட்டது.

வாங்கிய கடன் பன்னிரண்டு லட்சம். இதுவரை கட்டியது ஏறக்குறைய இருபத்திரண்டு லட்சம். பாக்கி நாலு லட்சத்துப் பதினெட்டாயிரம். கடைசித் தவணை, மார்ச் 2029.

மேலிருந்து கீழே படித்தாள். கீழிருந்து மேலே படித்தாள். பன்னிரண்டு வாங்கி இருபத்திரண்டு கட்டினால் எப்படி நாலு பாக்கி இருக்கும்? இன்ஜினியரிங் படித்த பெண்ணுக்கு வட்டிக் கணக்கு தெரியாமல் இல்லை. தெரிந்த கணக்கு அப்பாவின் பெயர் போட்ட தாளில் இருந்தபோது புரிய மறுத்தது. 2012 ஜூலை மாதத்து வரியில் விரலை வைத்தாள். கட்டிய பதினோராயிரத்துச் சொச்சத்தில் பத்தாயிரத்துக்குப் பக்கமாக வட்டி தின்றிருந்தது. கடனில் குறைந்தது இரண்டாயிரம் ரூபாய். அந்த மாதம் அப்பா புதுச் செருப்பு வேண்டாம் என்று பழையதையே தைத்துப் போட்டுக்கொண்டது ஏனோ ஞாபகம் வந்தது. அது அந்த மாதம்தானா என்றும் நிச்சயமில்லை.

அடுத்த தாள் ஒரு படிவம். வட்டி எட்டே முக்காலிலிருந்து பத்தே முக்காலாக ஏறியிருக்கிறது, இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கவும் என்று ஆங்கிலத்தில் இருந்தது. முதல் கட்டம்: தவணை 13,299 ஆகும், கடன் ஜூன் 2025-இல் முடியும். இரண்டாவது கட்டம்: தவணை மாறாது, கடன் மார்ச் 2029-இல் முடியும். இரண்டாவதில் நீல மையில் டிக் போட்டிருந்தது. பெயரும் விலாசமும் உருண்டை உருண்டையான எழுத்தில் இருந்தன. கீழே அப்பாவின் தமிழ்க் கையெழுத்து.

உருண்டை எழுத்து அவளுடையது. எட்டாம் வகுப்பிலிருந்தே அந்த வீட்டில் ஆங்கிலப் படிவம் எது வந்தாலும் அவள்தான் நிரப்புவாள். அப்பாவுக்கு அதில் ஏகப்பட்ட பெருமை.

அந்தக் காலை அவளுக்கு நன்றாகவே ஞாபகம் இருந்தது. காலேஜில் இரண்டாம் வருடம் தொடங்கிய வாரம். அப்பா காபி டம்ளரோடு வந்து நின்றார்.

"பாப்பா, ரெண்டு கட்டம் போட்டிருக்கான். எதுல டிக் போடணும்?"

"கட்டற காசை ஏத்தணுமா, அப்படியே இருக்கணுமான்னு கேக்கறாங்கப்பா. ஏத்தினா மாசம் ஆயிரத்து முந்நூறு கூட ஆகும்."

"உனக்கு பஸ் ஃபீஸ் பதிமூணாயிரம் வேற கட்டணுமே."

"அப்ப அப்படியே இருக்கட்டும்பா."

தேதியை அவள் படிக்கவில்லை. காலேஜ் பஸ் தெருமுனையில் ஹார்ன் அடித்துக்கொண்டிருந்தது. மொத்தம் ஒரு நிமிடம் ஆகியிருக்கும்.

படிவத்தின் பின்பக்கத்தில் அப்பா பென்சிலால் ஒரு பெருக்கல் போட்டிருந்தார். அந்த இரண்டு தேதிகளுக்கும் நடுவில் இருந்த நாற்பத்தைந்து மாதம், பெருக்கல் பதினோராயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்று மூன்று. விடை ஐந்து லட்சத்து முப்பத்தொன்பதாயிரத்து அறுநூற்று எண்பத்தைந்து. சரியான விடைதான். எப்போது போட்ட கணக்கு என்று தேதி இல்லை. பேங்கில் யாராவது சொல்லித் தெரிந்ததா, தானாகவே கண்டுபிடித்தாரா, ஒரு வருடத்தில் தெரிந்ததா, பத்து வருடத்தில் தெரிந்ததா? கேட்டுத் தெரிந்துகொள்ளலாம் என்று அவள் கூடத்துக்கு நாலு எட்டு நடந்தே விட்டாள். பெட்டியைப் பார்த்த பிறகுதான் நின்றாள்.

பாலு சித்தப்பா வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். ஆதார் அட்டையை அவரிடம் கொடுத்துவிட்டு, "சித்தப்பா, அப்பா எதுக்கு இந்த வீட்ட வாங்கினார்? அவ்வளவு கடன்பட்டு?" என்று கேட்டாள்.

"உனக்குத் தெரியாதா? நீ அப்ப பத்தாவது பரீட்சை, லால்குடியில உங்க பெரியம்மா வீட்டுல இருந்த. தாத்தா போனது ஆஸ்பத்திரில. ஸ்ரீரங்கத்துல நாம வாடகைக்கு இருந்தோமே, அந்த வீட்டுக்குக் கொண்டு வந்தா, ஹவுஸ் ஓனர் வாசல்ல வந்து நிக்கறார். நாலு குடித்தனம் இருக்கற எடம், உள்ள கொண்டு வராதீங்க, நேரா எடுத்துட்டுப் போயிடுங்கன்னார். ஆம்புலன்ஸ் தெருமுனையில அரைமணி நேரம் நின்னுச்சு. பின்னாடி வண்டிக்காரன்லாம் ஹார்ன் அடிக்கறான். கடைசில வண்டிக்குள்ள வச்சே மாலை போட்டோம்."

அவர் தோள் துண்டால் மூக்கைத் துடைத்துக்கொண்டார்.

"அண்ணன் அன்னிக்கு ஒரு வார்த்தை பேசல. அடுத்த வருஷம் அண்ணி நகையெல்லாம் வித்து, மிச்சத்துக்குக் கடன் வாங்கி, இங்க வந்துட்டார். இப்பப் பாரு, யாராச்சும் ஒரு வார்த்தை கேட்டாங்களா? அவர் வீட்டுல அவர் பாட்டுக்குப் படுத்திருக்கார்."

தர்ஷினி தலையை ஆட்டினாள். அவர் வீடுதானா என்று அவளுக்கே இப்போது தெரியவில்லை. அம்மாவிடம் சொல்லியாக வேண்டும். சொன்னால் டிக் போட்டது யார் என்பதையும் சொல்ல வேண்டும். மூக்கிலும் காதிலும் மிச்சமிருந்ததைக்கூட இந்த வீட்டுக்காகக் கழற்றிக் கொடுத்த அம்மா, கடன் முடிந்த வீட்டில்தான் புருஷனைப் படுக்க வைத்திருக்கிறோம் என்ற ஒரே ஒரு ஆறுதலோடு உட்கார்ந்திருந்தாள். அதையும் எடுத்துவிட்டால் அவளுக்கு என்ன மிஞ்சும் என்று நினைக்கவே தர்ஷினிக்குப் பயமாக இருந்தது.

இரண்டு மணிக்கு டைல்ஸ் கடை முதலாளி இம்தியாஸ் வந்தார். மாலையைப் பெட்டிமேல் வைத்துவிட்டு வெளியே வந்தவர், அவளைப் பார்த்ததும் செருப்பு போடாமலே நின்றார்.

"எங்கிட்ட வேலைக்கு வந்து மூணு வருஷம் ஆச்சும்மா. ஒரு நாள் லீவு கேட்டதில்ல. முடியலன்னா வீட்டுல ரெஸ்ட் எடுங்க பாய்னு நாந்தான் சொல்லுவேன். அவரு என்னைய பாய்ம்பாரு, நானும் அவர பாய்ம்பேன்." சிரிக்கப் பார்த்தார், முடியவில்லை. "சேர்ற அன்னிக்கே ஒண்ணு சொன்னாரு. இருபத்தொம்பது மார்ச் வரைக்கும் வரேன், ஏப்ரல் ஒண்ணாம் தேதி நீங்க கார் அனுப்பிக் கூப்பிட்டாலும் வரமாட்டேன்னாரு. அது என்ன கணக்குன்னு கேட்டேன். எம் பொண்ணு போட்ட கணக்கு, தப்பா இருக்காதுன்னாரு. உங்களுக்குத் தெரியுமாம்மா அது என்னன்னு?"

"தெரியலைங்க" என்றாள் தர்ஷினி.

போன மாதம்தான் போனில் அவரிடம் சண்டை போட்டிருந்தாள். ரிடையர் ஆகியும் என்ன காசு ஆசை உங்களுக்கு, பேசாம வீட்டுல உட்காரக் கூடாதா என்று கத்தியிருந்தாள். வீட்டுல இருந்தா உங்கம்மா வெங்காயம் உரிக்கச் சொல்றா பாப்பா என்று அவர் சிரித்திருந்தார். அந்தச் சிரிப்பை இப்போது எந்தப் பக்கம் திருப்பி வைத்துப் பார்ப்பது என்று அவளுக்கு விளங்கவில்லை. திட்டியிருக்கலாமே. ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, என்ன டிக் போட்ட நீ என்று கேட்டிருக்கலாமே.

நாலு மணிக்கு எடுத்தார்கள். பெட்டியிலிருந்து பாடைக்கு மாற்றும்போது அகிலாண்டம் போட்ட ஓலத்தில் தெருவே வெளியில் வந்தது. பாலு சித்தப்பா தீச்சட்டி எடுத்தார். சங்குச் சத்தம் மெயின் ரோடு திரும்பித் தேய்ந்த பிறகு, ஐஸ் பெட்டிக்காரர் பெட்டியை வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார்.

வீட்டைக் கழுவிவிட வேண்டும். லூர்துராணி அக்கா குடம் குடமாகத் தண்ணீர் கொண்டு வந்து ஊற்றினார். தர்ஷினி புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு விளக்குமாற்றால் தள்ளினாள். பூவிதழ்களும் ஊதுபத்திச் சாம்பலும் ஈசானி மூலைக்குத்தான் ஓடிப்போய்த் தேங்கின. அங்கே அந்தச் செய்தித்தாள் பொட்டலம் அப்படியே கிடந்தது. தாள் ஊறிக் கிழிந்திருந்தது.

குனிந்து எடுத்தாள். தாள் கையோடு வந்தது. உள்ளே கறுப்புக் கல். அதில் பொன்னிற எழுத்தில், மாத்ருபூதம் அகிலாண்டம் என்று ஒரு வரி. அதற்குக் கீழே சின்னதாக, தேவதர்ஷினி இல்லம்.

வீட்டுக்குத் தன் பெயர் வைத்திருந்தது அவளுக்குத் தெரியாது.

அப்போதுதான் வந்தது. விளக்குமாற்றைக் கீழே போட்டுவிட்டு, தண்ணீரிலேயே உட்கார்ந்து அழுதாள். லூர்துராணி அக்கா குடத்தை வைத்துவிட்டு அவள் முதுகைத் தடவினார்.

ஈரத்தலையோடு வந்த அகிலாண்டம் கல்லைப் பார்த்துக்கொண்டே நின்றாள்.

"அட, நம்ம கல்லு. இதையா முட்டுக் குடுத்தான் பாலு?" என்றாள். "பதினாறாம் நாள் காரியம் முடிஞ்சதும் வாசல்ல மாட்டச் சொல்லுடி. இனிமே யாருக்கு என்ன பாக்கி? அவர் ஆசைப்பட்டது, கண்ணால பாக்காமயே போயிட்டார்."

தர்ஷினி முந்தானையால் கல்லைத் துடைத்தாள். எழுத்துப் பள்ளங்களில் புகுந்திருந்த தண்ணீரை விரலால் வழித்தாள். ஜன்னலில் கிடந்த அன்றைய பேப்பரை எடுத்து அதில் சுற்றினாள். சணல் அறுந்திருந்தது. முடிச்சுப் போட்டுக் கட்டினாள்.

"இருக்கட்டும்மா" என்றாள். "நல்ல நாள் பாத்து மாட்டலாம்."

அகிலாண்டம் மகளின் முகத்தை நிமிர்ந்து பார்த்தாள். பிறகு தலையைத் துவட்டிக்கொண்டு உள்ளே போனாள்.

தர்ஷினி கட்டிலருகே மண்டியிட்டுக் கல்லைத் தள்ளினாள். தரை ஈரமாக இருந்ததால் அது சத்தமில்லாமல் உள்ளே போயிற்று.