பெருமாள்சாமி வீட்டுச் சட்டம்

மர்பி டவுனில் எங்கள் சந்தில் முட்டளவு மழைத்தண்ணீர் நின்றபோதும் பெண்கள் யாரும் புடவையைத் தூக்கிப் பிடிக்கவில்லை. வெட்கத்தால் இல்லை. முழங்காலிலிருந்து கணுக்கால் வரை எல்லோருக்கும் ஸ்கெட்ச் பேனா கோடு. எதிர்வீட்டு சங்கமித்ரா போட்டது. ஃபிசியோதெரபி கடைசி வருஷம் படிக்கிறாள். எங்கள் சந்திலிருந்து அந்தப் படிப்புக்குப் போன முதல் பெண். பாதம் உள்பக்கம் திரும்பினால் எந்தத் தசை இழுக்கிறது, வெளிப்பக்கம் திரும்பினால் எது என்று எங்கள் கால்களில் வரைந்துதான் பழகினாள். என் காலில் பச்சை, டெய்லர் ஃபாத்திமா காலில் சிவப்பு.

இது அவள் அப்பா பெருமாள்சாமிக்கு மட்டும் தெரியக் கூடாது. ஒரு ரகசியத்தை என்னிடம் போய்க் கொடுத்து வைத்தார்கள் பாருங்கள்! நாலு மாதம் காப்பாற்றினேன். எனக்கே என்மேல் மரியாதை வந்துவிட்டது.

பெருமாள்சாமி அண்ணன் ஸ்கூல் வேன் ஓட்டுகிறவர். வீட்டில் ஒரு புத்தர் படம், ஒரே ஒரு சட்டம்: இந்த வீட்டு ஆள் யார் காலையும் தொடக் கூடாது. அவர் தாத்தா பங்களாக்காரர்களுக்குப் பூட்ஸ் கழற்றியே முதுகு வளைந்தவராம். அதனால் இவர் தன் கல்யாணத்தில் மாமனார் காலில்கூட விழவில்லை. கைகூப்பி நிமிர்ந்து நின்றார். மாமனார் சாகும்வரை அதைச் சொல்லிக்காட்டியது தனிக் கதை. மகள் படிப்பைப் பற்றிக் கேட்டால், "மெஷின் வெச்சு கரென்ட் குடுக்கற வேலைம்மா, சுவிட்ச் போட்டா போதும்" என்பார். அந்த நேரம் பார்த்து அவர் மனைவி வள்ளியம்மாவுக்கு அடுப்படியில் வேலை வந்துவிடும்.

திங்கட்கிழமை சங்கமித்ராவுக்குச் செய்முறைப் பரிட்சை. சனிக்கிழமை மத்தியானம் அண்ணன் வேனை நிறுத்திவிட்டுச் சந்துக்குள் வந்தார். சாக்கடைமேல் போட்டிருந்த கல் ஆடியது. வலது பாதம் உள்பக்கமாக மடங்கியது. நான் ஜன்னலில்தான் இருந்தேன். வேறு எங்கே இருப்பேன்?

வாசலில் பிளாஸ்டிக் நாற்காலி வந்தது. அதில் உட்காருவதற்குள் கணுக்காலின் வெளிப்பக்கம் பன் மாதிரி வீங்கிவிட்டது. வள்ளியம்மா சூடான எண்ணெயோடு ஓடிவந்தாள்.

"தேய்க்காதம்மா! ஐஸ் கொண்டா" என்று சங்கமித்ரா அப்பாவின் காலருகே குந்தினாள். அவர் வெடுக்கென்று காலை இழுத்துக்கொண்டார்.

"எழுந்திரு. எவன் காலடியிலயும் என் பொண்ணு உக்கார மாட்டா."

"உங்க கால்தானேப்பா?"

"இன்னிக்கு என் காலு, நாளைக்கு எவனோடதோ. இதுதான் உன் படிப்புன்னா திங்கக்கிழமை நீ போகவே வேணாம்."

அதற்குள் சந்தே கூடிவிட்டது. எல்லோரும் ஏனோ என்னைப் பார்த்தார்கள். நாலு மாதம் அடைத்து வைத்திருந்த மூடி அங்கேதான் பிய்த்துக்கொண்டது.

"லேட் ஆயிடுச்சுண்ணே. உங்க பொண்ணு எப்பவோ என் காலைப் புடிச்சாச்சு" என்று புடவையை முழங்கால்வரை தூக்கினேன்.

"என்னோடது ரெண்டும்" என்று ஃபாத்திமா சல்வாரைச் சுருட்டினாள். கடைசியாக வள்ளியம்மா, யார் முகத்தையும் பார்க்காமல். அவள் காலில் நீலம்.

அண்ணன் முகம் கறுத்தது. நாலு வருஷப் படிப்பை நாலு வார்த்தையில் கெடுத்தேனே என்று சட்டென்று புடவையைக் கீழே விட்டேன்.

சங்கமித்ரா அழவில்லை. உள்ளே போய் உயரமான ஸ்டூல் ஒன்றை எடுத்துவந்து, அவருக்கு நேர் எதிரே போட்டு உட்கார்ந்தாள். தன் மடியைத் தட்டினாள்.

"வைங்க."

"மித்ரா..."

"கால்ல விழறவங்களுக்குக் கண்ணு தரையில இருக்கும்ப்பா. என் கண்ணு எங்க இருக்குன்னு பாருங்க."

பார்த்தார். அவர் கண்ணுக்கு நேராக இருந்தது. "வைங்க" என்றாள் மறுபடியும். வேனில் பிள்ளைகளை அதட்டி உட்காரவைக்கிற அவருடைய குரல்தான் அவளுக்கும். காலைத் தூக்கி அவள் மடியில் வைத்தார்.

எலும்பு ஓரமாக அமுக்கிப் பார்த்தாள். நாலு அடி நடக்கவிட்டாள். "உடைஞ்ச மாதிரி இல்ல. ஆனாலும் எக்ஸ்ரே எடுத்துடலாம். இப்ப பாதத்தை வெளிப்பக்கம் திருப்பி என் கையைத் தள்ளுங்க."

"முடியலயே."

"வலிக்கும்ல. நல்ல கால்லயே அந்தப் பக்கம் கொஞ்சம்தான் திரும்பும். கணுக்கால்ல வெளிப்பக்கம் புடைச்சிருக்கிற எலும்பு, உள்பக்கத்தைவிடக் கீழ இறங்கி அணை போட்டிருக்கு. அதனாலதான் கால் எப்பவும் உள்பக்கமா மடங்கிக்குது, வெளிப்பக்கம் ஜவ்வு இழுத்துக்குது."

சந்து மொத்தமும் குனிந்து அவரவர் கணுக்காலைத் தொட்டுப் பார்த்தது. ஆமாம், இறங்கித்தான் இருக்கிறது. ஐம்பத்திரண்டு வருஷமாக என்னோடு இருக்கிற கால், என்னிடம் சொல்லவே இல்லை.

"பத்து நாள் வேன் தொடக்கூடாது."

"அஞ்சு நாள்..."

"பத்து."

அண்ணன் தன் காலையும் அவள் கையையும் பார்த்தார். "பரிட்சையில இதே மாதிரி ஸ்டூல்லதான் உக்காருவியா?"

"ஆமாம்ப்பா."

"அப்ப போ. அதுக்கு முன்னாடி எனக்கும் ஒரு கோடு போட்டுட்டுப் போ."

திங்கட்கிழமை பரிட்சையில் அவளுக்கு வந்ததும் அதே உள்பக்கம், வெளிப்பக்கம்தான். பாஸ். இப்போது அண்ணன் வாசலில் நாற்காலி போட்டு, அந்த ஸ்டூல்மேல் காலை நீட்டி, லுங்கியை மடித்துக் கட்டி உட்கார்ந்திருக்கிறார். கெண்டைக்காலின் வெளிப்பக்கம் கறுப்புக் கோடு. ஐந்து நாளாக அந்தக் காலில் சோப்பு படவில்லை. பால்காரனைக்கூட விடாமல் கூப்பிட்டுக் காட்டுகிறார்.

"இது பேர் பெரோனியஸ் லாங்கஸ். பாதத்தை வெளிய திருப்பறது இதுதான். என் பொண்ணு கண்டுபிடிச்சது."

கண்டுபிடித்தவர் வேறு யாரோ என்று சொல்ல எனக்கு வாய் துடித்தது. அடக்கிக்கொண்டேன். இது நான் காப்பாற்றும் இரண்டாவது ரகசியம்.